பட்டுக்கோட்டை கல்யாணசுந்தரம்: அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

'தூங்காதே தம்பி தூங்காதே' தெரியாத தமிழர் குறைவு. அதை எழுதியவர் யார் என்று கேட்டால் பலர் எம்.ஜி.ஆர் பெயரைச் சொல்லிவிட்டு நிறுத்திக்கொள்கிறார்கள். இந்தப் பாட்டுக்காரரைப் பற்றி என்னிடம் திரும்பத் திரும்பக் கேட்கப்பட்ட கேள்விகளையும், எனக்குத் தெரிந்த பதில்களையும் இங்கே எழுதியிருக்கிறேன்.

பட்டுக்கோட்டை கல்யாணசுந்தரம் எந்தக் காலத்தவர்?

1930 ஏப்ரல் 13-ல் பிறந்தார். 1959 அக்டோபர் 8-ல் இறந்தார். முப்பது வயதுகூட நிறையவில்லை. சினிமாவுக்குப் பாட்டு எழுதியது ஏறக்குறைய ஐந்தே ஆண்டுகள். அதற்குள் ஐம்பதுக்கும் மேற்பட்ட படங்களில் அவர் பாட்டு இடம்பெற்றுவிட்டது. 'மக்கள் கவிஞர்' என்ற பட்டம் அவர் பெயரோடு ஒட்டியே வரும்.

அவர் பட்டுக்கோட்டைக்காரர்தானா?

பட்டுக்கோட்டைக்குப் பக்கத்திலுள்ள செங்கப்படுத்தான்காடு என்ற சிற்றூர்க்காரர். தஞ்சாவூர் மாவட்டம். ஒரு பக்கம் வயலும் தென்னையும், இன்னொரு பக்கம் கொஞ்ச தூரத்தில் கடலும் உப்பளமும் இருக்கிற பகுதி அது. இந்த நில அமைப்பைச் சொல்வதற்குக் காரணம் உண்டு. அவர் பார்த்த வேலைகள் எல்லாம் இந்த மண்ணிலிருந்துதான் வந்தன.

அப்பா அருணாசலமும் பாட்டுக் கட்டுபவர். 'முசுகுந்த நாட்டு வழிநடைக் கும்மி' என்ற நூலை இயற்றியவர். வீட்டிலேயே கும்மி இருந்தது என்பதை மனதில் வைத்துக்கொள்ளுங்கள். பின்னால் இதற்குத் திரும்ப வருவேன்.

எவ்வளவு படித்தார்?

திண்ணைப் பள்ளியில் கொஞ்ச காலம். எழுதவும் படிக்கவும் கைகொடுத்தவர் அண்ணன். அவ்வளவுதான்.

பதினேழு தொழில் செய்தார் என்கிறார்களே, உண்மையா?

அவரைப் பற்றி எழுதியவர்கள் எல்லோரும் அந்தப் பட்டியலைத் தருகிறார்கள். விவசாயம், மாடு மேய்ப்பு, மாட்டு வியாபாரம், மாம்பழம், இட்லி, முறுக்கு, தேங்காய், கீற்று என்று ஒவ்வொன்றாக விற்றது, மீனும் நண்டும் பிடித்தது, உப்பளக் கூலி, தண்ணீர் வண்டி, மெஷின் ஓட்டியது. அப்புறம் பாட்டு, நடிப்பு, நடனம், அரசியல், கடைசியாகக் கவிதை.

மேடைகளில் இந்தப் பட்டியலைச் சொல்லிக் கைதட்டல் வாங்குவார்கள். எனக்கு அதில் முக்கியமாகப் படுவது வேறு. இத்தனை வேலையிலும் ஒவ்வொன்றுக்கும் தனிச் சொற்கள் இருக்கின்றன. கீற்று பின்னுகிறவர் பேசுகிற தமிழ் வேறு, மாட்டுச் சந்தையில் பேசுகிற தமிழ் வேறு, உப்பளத்தில் பேசுகிற தமிழ் வேறு. புத்தகத்திலிருந்து எடுக்க முடியாத ஒரு சொல்லகராதி அவருக்கு இருபது வயதுக்குள் சேர்ந்துவிட்டது. கூலி வாங்கிய அன்றே கூலி கரைந்துபோவது எப்படி இருக்கும் என்பதும் அவருக்குக் கேட்டுத் தெரிந்துகொள்ள வேண்டியதாக இல்லை. 'இரும்புத்திரை' படத்தில் திருச்சி லோகநாதன் பாடிய 'கையிலே வாங்கினேன் பையிலே போடலே, காசு போன இடம் தெரியலே' பாட்டை இந்த இடத்தில் ஒருமுறை கேட்டுவிட்டு மேலே படிக்கலாம்.

முதலில் எழுதிய பாட்டு எது?

பதினைந்து பதினாறு வயதில், ஊர்க் குளத்தங்கரையில் உட்கார்ந்திருந்தபோது, கரையோரம் துள்ளி விளையாடிய கெண்டைக் குஞ்சுகளைப் பார்த்து வந்த பாட்டு. 'ஓடிப்போ ஓடிப்போ கெண்டைக் குஞ்சே' என்று தொடங்கும். தூண்டில்காரன் வருகிற நேரமாகிவிட்டது, ரொம்பத் துள்ளாதே என்று மீனை எச்சரிக்கிறார். பின்னாளில் தூங்காதே, திருடாதே என்று சொல்லப்போகிறவரின் குரல் அந்த மீன்குஞ்சுப் பாட்டிலேயே இருக்கிறது. அவரும் மீன் பிடித்தவர்தான். ஆனாலும் பாட்டில் மீனின் பக்கம் நிற்கிறார்.

பாரதிதாசனோடு என்ன தொடர்பு?

குரு என்றே சொல்ல வேண்டும். புதுச்சேரிக்குப் போய் பாரதிதாசனோடு தங்கி 'குயில்' இதழ் வேலைகளில் உதவியாக இருந்தார். 'அகல்யா' என்ற புனைபெயரில் தன் கவிதையை ஆசானின் பார்வைக்கு வைத்தார் என்றும் சொல்வார்கள். எழுத உட்காரும்போது தாளின் தலையில் பாரதிதாசனை வாழ்த்தி ஒரு வரி எழுதிவிட்டுத்தான் தொடங்குவாராம். 1957-ல் கௌரவாம்பாளோடு நடந்த அவருடைய திருமணத்துக்குத் தலைமை தாங்கியதும் பாரதிதாசன்தான்.

அவர் கம்யூனிஸ்டா?

ஆம். தஞ்சைப் பகுதியில் விவசாயிகள் இயக்கம் கொதித்துக்கொண்டிருந்த காலத்தில் வளர்ந்தவர். கம்யூனிஸ்ட் தலைவர் ப. ஜீவானந்தத்தின் மேல் பெரிய மரியாதை வைத்திருந்தார். கட்சிப் பத்திரிகையான 'ஜனசக்தி'யில் எழுதினார். சினிமாவுக்கு முன்னால் நாடகம்: சக்தி நாடக சபாவில் நடித்தார், 'கண்ணின் மணிகள்' நாடகத்துக்குப் பாட்டு எழுதினார். தேனாறு பாய்கிறது, ஆனாலும் மக்கள் வயிறு காய்கிறது என்று பாடும் பாட்டு அந்த நாடகத்தில் வந்து, பிறகு 'படித்த பெண்' படத்திலும் வந்தது.

ஆனால் அவருடைய சினிமாப் பாட்டில் கட்சிச் சொற்களைத் தேடினால் அரிதாகத்தான் கிடைக்கும். 'திருடாதே பாப்பா திருடாதே' பாட்டைக் குழந்தைகளுக்கான அறிவுரை என்று நினைத்துப் பள்ளி விழாக்களில் பாட வைக்கிறோம். சரிதான். ஆனால் நடுவில் வரும் வரிகளைக் கவனியுங்கள்: இருக்கிறதெல்லாம் பொதுவாய்ப் போனால் பதுக்குகிற வேலையும் இருக்காது என்கிறார். திருட்டுக்குக் காரணம் திருடனின் கெட்ட புத்தி மட்டும் இல்லை, பதுக்கல்தான் என்று பாப்பாவுக்கே புரிகிற மாதிரி ஒரு பொருளாதாரப் பாடம். தணிக்கைக்காரர் கையெழுத்துப் போட்டார், ஊரே பாடியது.

சினிமாவுக்குள் எப்படி வந்தார்?

எளிதாக இல்லை. சென்னைக்கு வந்து ராயப்பேட்டையில் நண்பர்களோடு சின்ன அறையில் தங்கி வாய்ப்புத் தேடினார். 1955-56 வாக்கில் 'மகேஸ்வரி', 'படித்த பெண்', 'பாசவலை' என்று பெயர் வரத் தொடங்கியது.

'பாசவலை' பற்றி எம்.எஸ்.விஸ்வநாதன் பிற்காலத்தில் மேடைகளில் வருத்தத்தோடு சொன்ன ஒரு நிகழ்ச்சி உண்டு. மாடர்ன் தியேட்டர்ஸ் படம். புதுப் பையன் ஒருவனைப் பாட்டெழுத அனுப்புகிறோம் என்றதும் விஸ்வநாதனுக்கு இஷ்டமில்லை. வந்தவர் கொடுத்த தாளைப் பார்க்கிறார்: 'குட்டி ஆடு தப்பி வந்தா குள்ளநரிக்குச் சொந்தம், குள்ளநரி மாட்டிக்கிட்டா கொறவனுக்குச் சொந்தம்'. அதிலிருந்து 'உனக்கெது சொந்தம் எனக்கெது சொந்தம்' என்ற கேள்விக்குப் போகிறது பாட்டு. படித்ததும் தலைகுனிந்துவிட்டேன் என்றார் விஸ்வநாதன். தவறைத் தானே பொதுவில் சொல்லத் துணிந்த அவரையும் இந்த இடத்தில் வணங்கத் தோன்றுகிறது.

அந்த நான்கு வரியில் ஆடு, நரி, வேட்டைக்காரன், மனிதன் என்று ஒருவரை ஒருவர் விழுங்கும் வரிசை முழுவதும் வந்துவிடுகிறது. கடைசியில் மனிதனுக்குச் சட்டப்படி எட்டடிதான் சொந்தம் என்று முடிக்கிறார். எட்டடி என்றால் எது என்று அவர் சொல்லவில்லை. சொல்லவும் தேவையில்லை.

மெட்டுக்குப் பாட்டு எழுதினாரா, பாட்டுக்கு மெட்டுப் போட்டார்களா?

இரண்டும் நடந்திருக்கிறது. அந்தக் காலத்தில் எழுதிக் கொடுத்த பாட்டுக்கு இசையமைப்பதும் வழக்கம், ஆர்மோனியத்தை வைத்துக்கொண்டு 'தன்னன தானா' என்று தத்தகாரம் பாடிக் காட்டி அதற்கு வார்த்தை கேட்பதும் வழக்கம். இரண்டாவதுதான் கஷ்டம். குறில் விழ வேண்டிய இடத்தில் நெடில் விழுந்தால் பாடகர் சொல்லை நறுக்க வேண்டும். நெடில் வேண்டிய இடத்தில் குறில் வந்தால் இழுக்க வேண்டும். இரண்டிலும் தமிழ் கெடும்.

இங்கேதான் கும்மிக்குத் திரும்ப வருகிறேன். கும்மி, நடவுப் பாட்டு, ஏற்றப் பாட்டு எல்லாவற்றிலும் தாளம்தான் முதலில். கை தட்டுகிறது, கால் நகர்கிறது, ஏற்றம் ஏறி இறங்குகிறது. வார்த்தை அந்த அசைவுக்குள் வந்து உட்கார வேண்டும். அப்படிப்பட்ட வீட்டிலும் வயலிலும் வளர்ந்த காதுக்குத் தத்தகாரம் புதிதாக இருந்திருக்காது. அவருடைய திறமைக்கு ஆணிவேர் இதுதான் என்பது என் கருத்து. 'புரட்சிக் கவிஞர்' என்று மட்டும் பார்க்கிறவர்கள் இந்தக் காதை மறந்துவிடுகிறார்கள்.

இரண்டு பாட்டைப் பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் பாருங்கள். 'தூங்காதே' என்ற சொல்லில் தூ, கா, தே என்று மூன்று நெடில். தெருவின் இந்த முனையிலிருந்து அந்த முனைக்குக் கூப்பிடுகிற குரல் அது. எழுப்ப வேண்டுமானால் அப்படித்தான் நீட்டிக் கூப்பிட முடியும். இப்போது 'புதையல்' படத்தில் கைத்தறிச் சேலையைப் பற்றிய பாட்டை எடுத்துக்கொள்ளுங்கள்: 'சின்னச் சின்ன இழை பின்னிப் பின்னி வரும்'. 'ழை'யைத் தவிர ஒரு நெடில்கூடக் கிடையாது, அந்த 'ழை'யும் சொல்லின் கடைசியில் குறுகித்தான் ஒலிக்கும். எல்லாம் குறிலும் ஒற்றும். தறியில் நாடா இந்தப் பக்கமும் அந்தப் பக்கமும் ஓடுகிற வேகம் அந்த வரியில் கேட்கிறது. எழுதும்போது குறில் நெடில் எண்ணிக்கொண்டு உட்கார்ந்திருப்பார் என்று நான் நினைக்கவில்லை. காது அப்படி.

அவர் எழுதியது கருத்துப் பாட்டு மட்டும்தானே?

இந்தக் கேள்வி வரும்போதெல்லாம் எனக்கு மனசு கஷ்டமாக இருக்கும். 'கல்யாண பரிசு' (1959) படத்தின் பாட்டுகள் எல்லாமே அவருடையவை. ஸ்ரீதர் முதன்முதலாக இயக்கிய படம், ஏ.எம்.ராஜா இசை. ஒரே பெண்ணின் காதலையும் இழப்பையும் பாட்டு வழியாகவே தொடர்ந்து போகலாம். சைக்கிளில் போகிறபோது 'வாடிக்கை மறந்ததும் ஏனோ' என்று செல்லமாகக் கேட்கிற கேள்வி. 'உன்னைக் கண்டு நான் ஆட' என்ற அதே தீபாவளிப் பாட்டு சுசீலா குரலில் கொண்டாட்டமாகவும், ராஜா குரலில் துக்கமாகவும் வருகிறது.

ஜிக்கி பாடிய 'துள்ளாத மனமும் துள்ளும்' பாட்டில் இசையைப் பற்றித்தான் பேசுகிறார். துள்ளும், சொல்லும், கிள்ளும் என்று நாக்கு மேலண்ணத்தைத் தொட்டுத் தொட்டு மீள்கிற ஒலிகளாகவே அடுக்கிக்கொண்டு போகிறார். பாட்டைப் பாடினாலே வாய்க்குள் துள்ளல் வந்துவிடுகிறது.

அப்புறம் நகைச்சுவை நடிகர் சந்திரபாபுவுக்காக 'புதையல்' படத்தில் எழுதிய 'உனக்காக எல்லாம் உனக்காக'. மேல்நாட்டுத் தாளத்தில் ஓடுகிற மெட்டு. உடலும் உயிரும் ஒட்டியிருப்பதே உனக்காக என்று பெரிய காதல் வசனத்தைச் சொல்லிவிட்டு, அதை ஒரு குறும்புக்காரன் வாயில் வைக்கிறார். 'அமுதவல்லி'யில் 'ஆடைகட்டி வந்த நிலவோ', 'தங்கப்பதுமை'யில் 'முகத்தில் முகம் பார்க்கலாம்', 'எல்லாரும் இந்நாட்டு மன்னர்' படத்தில் 'என்னருமைக் காதலிக்கு வெண்ணிலாவே' எல்லாம் அவர் எழுதியவைதான். உப்பளத்தில் வேலை பார்த்தவருக்குக் காதல் பாட வராது என்று யார் சொன்னது?

எம்.ஜி.ஆர் பாட்டுகளில் அவருடைய பங்கு என்ன?

எம்.ஜி.ஆரின் திரை உருவம் கெட்டிப்பட்ட காலத்தில் அதற்குச் சொல் கொடுத்தவர்களில் முக்கியமானவர். 'மகாதேவி', 'சக்கரவர்த்தித் திருமகள்' இரண்டும் 1957. அடுத்த ஆண்டு எம்.ஜி.ஆரே தயாரித்து இயக்கிய 'நாடோடி மன்னன்'. 'தூங்காதே தம்பி' அதில்தான், எஸ்.எம்.சுப்பையா நாயுடு இசை, டி.எம்.சௌந்தரராஜன் குரல்.

அதே படத்தில் 'காடு வெளஞ்சென்ன மச்சான்' பாட்டு எனக்கு இன்னும் நெருக்கமானது. பெண் கேட்கிறாள்: காடு விளைந்து நமக்கு என்ன மிஞ்சியது, கையும் காலும்தானே? மச்சான், மிச்சம் என்ற எதுகை இயல்பாக வந்து விழுகிறது. 'விளைந்தென்ன' என்று எழுதாமல் 'வெளஞ்சென்ன' என்றே எழுதினார், ஏனென்றால் வரப்பில் நிற்கிற பெண் அப்படித்தான் சொல்வாள். ஆண் பதில் சொல்லச் சொல்ல அவள் விடாமல் கேட்கிறாள். அவளுடைய கேள்விகள்தான் பாட்டை நகர்த்துகின்றன. கடைசியில் 'நானே போடப்போறேன் சட்டம்' என்கிறான் அவன். எழுதியவர் கம்யூனிஸ்ட், பாடி நடித்தவர் தி.மு.க.காரர். இரண்டு பேருக்கும் பொருந்துகிற வரி அது. 1977-ல் எம்.ஜி.ஆர் முதலமைச்சர் ஆனபோது, அந்த வரியைத் திரையரங்கில் கேட்டிருந்த எத்தனை பேருக்கு அது நினைவுக்கு வந்திருக்கும்!

'மணப்பாறை மாடுகட்டி' அவர் பாட்டுத்தானே?

இல்லை. அது அ.மருதகாசி எழுதியது. 'மக்களைப் பெற்ற மகராசி' (1957), கே.வி.மகாதேவன் இசை. மருதகாசியும் வயலும் வரப்பும் அறிந்த பெரிய கவிஞர். விவசாயம் வந்தாலே பட்டுக்கோட்டையார் என்று போடுவது மருதகாசிக்குச் செய்கிற அநியாயம். 'விவசாயி' படத்தின் 'கடவுள் என்னும் முதலாளி'யும் மருதகாசியுடையதுதான். அந்தப் படம் வந்தது 1967-ல்.

ஆண்டைப் பார்த்தால் குழப்பம் பெரும்பாலும் தீர்ந்துவிடும். 1962-க்குப் பிறகு வந்த படத்தின் பாட்டைப் பட்டுக்கோட்டையார் பெயரில் யாராவது பகிர்ந்தால் ஒருமுறை சரிபாருங்கள்.

அவர் இறந்த பிறகும் புதிய பாட்டுகள் வந்தனவா?

வந்தன. இன்று நாம் அதிகம் முணுமுணுக்கிறவற்றில் பல அப்படி வந்தவைதான். 'இரும்புத்திரை', 'ஆளுக்கொரு வீடு' இரண்டும் 1960. 'செய்யும் தொழிலே தெய்வம்' என்று பட்டறைச் சுவரிலும் ஆட்டோவின் முதுகிலும் எழுதியிருக்கிறதே, அது 'ஆளுக்கொரு வீடு' பாட்டு. 'அரசிளங்குமரி'யும் 'திருடாதே'யும் 1961. 'அரசிளங்குமரி'யின் 'சின்னப்பயலே சின்னப்பயலே' பாட்டில் வேப்பமரத்து உச்சியில் பேய் ஆடுகிறது என்று பயம் காட்டுகிற பெரியவர்களை நம்பாதே என்று சிறுவனுக்குச் சொல்கிறார். படம் வெளியானபோது அவருடைய சொந்த மகன் சின்னக் குழந்தை. அப்பா சொல்லிக் கேட்கிற வாய்ப்பு அந்தப் பிள்ளைக்கு இல்லை, பாட்டில்தான் கேட்டிருக்க முடியும்.

எப்படி இறந்தார்?

திடீரென்று உடல்நலம் கெட்டு சென்னையில் இறந்தார். 'கல்யாண பரிசு' வெளியாகி ஆறு மாதம்தான் ஆகியிருந்தது. கல்யாணமாகி இரண்டு ஆண்டு. கண்ணதாசன் இரங்கற்பா எழுதினார். தொழிலில் போட்டியாளர்கள் என்று ஊர் சொல்லிக்கொண்டிருந்த இருவரில் ஒருவர் இன்னொருவருக்கு எழுதிய கவிதை அது.

அவர் பாட்டின் முதல் வரிகள் படப் பெயராகவும் வந்தனவாமே?

'தூங்காதே தம்பி தூங்காதே' 1983-ல் கமல்ஹாசன் படம். 'துள்ளாத மனமும் துள்ளும்' 1999-ல் விஜய் படம். 'உனக்காக எல்லாம் உனக்காக'வும் 1999-தான், கார்த்திக் நடித்தது. அவர் இறந்து நாற்பது ஆண்டு கழித்து ஒரே வருடத்தில் இரண்டு.

பாட்டுகள் நாட்டுடைமையா? நான் அச்சிடலாமா, பாடிப் பதிவேற்றலாமா?

தமிழ்நாடு அரசு அவருடைய படைப்புகளை நாட்டுடைமை ஆக்கியிருக்கிறது. அதாவது வரிகளை யார் வேண்டுமானாலும் அச்சிடலாம். பதிப்புரிமைச் சட்டப்படி பார்த்தாலும் எழுதியவர் இறந்து அறுபது ஆண்டு என்ற கணக்கு 2019-ஓடு முடிந்துவிட்டது. மெட்டு வேறு விஷயம். அது இசையமைப்பாளரின் ஆயுளோடு சேர்ந்த உரிமை. ஏ.எம்.ராஜா 1989 வரை, எம்.எஸ்.விஸ்வநாதன் 2015 வரை வாழ்ந்தவர்கள். ஆகவே வரிகளை வைத்துப் புத்தகம் போடலாம், சொந்த மெட்டில் பாடலாம். பழைய மெட்டிலேயே பாடிப் பதிவேற்றுவதற்கு முன் விசாரித்துக்கொள்ளுங்கள்.

எதிலிருந்து தொடங்கலாம்?

நியூ செஞ்சுரி புக் ஹவுஸ் வெளியிட்ட பாடல் தொகுப்பு கிடைக்கும். ஆனால் புத்தகத்தை முதலில் எடுக்காதீர்கள், காதில் தொடங்குங்கள். பட்டுக்கோட்டை பக்கம் போகிறவர்கள் அங்கே அவருக்கு இருக்கும் மணிமண்டபத்தையும் ஒரு எட்டுப் பார்த்துவிட்டு வரலாம்.

என் வரிசை இது. முதலில் 'சின்னச் சின்ன இழை', பிறகு 'காடு வெளஞ்சென்ன மச்சான்', பிறகு 'உனக்காக எல்லாம் உனக்காக', அப்புறம் 'கல்யாண பரிசு' முழுவதும். 'தூங்காதே தம்பி'யைக் கடைசிக்கு வையுங்கள். பள்ளிக்கூட ஒலிபெருக்கியில் நூறு முறை கேட்டுப் பழகிப்போன பாட்டு அது. மற்றவற்றைக் கேட்டுவிட்டு வந்தால், தம்பியை எழுப்புகிற அந்தக் குரல் எந்த வயலிலிருந்து வருகிறது என்று கேட்கும்.